ஐம்பத்து மூன்றாம் வாரம்

பேருந்து டிப்போவின் மாடியில், டயர் கிடங்குக்கு நேர் மேலே இருக்கும் அறையில் உட்கார்ந்து வேலை பார்ப்பவரை ஓட்டுநர்கள் எல்லோரும் கிழமையக்கா என்றுதான் கூப்பிடுவார்கள். எந்தத் தேதியைச் சொன்னாலும் அது என்ன கிழமை என்று கண்ணை மூடித் திறப்பதற்குள் சொல்லிவிடுவார்.

டிக்கெட் கவுன்டரில் சேர்ந்தவர் அவர். முப்பத்தைந்து வயதுக்கு மேல்தான் மாலை வகுப்புக்குப் போய் புரோகிராம் எழுதக் கற்றுக்கொண்டார். அதுவரை டிப்போவில் டியூட்டி சார்ட் என்பது ஒரு பலகையும் அதில் செருகிய அட்டைகளும்தான். யாராவது கதவைப் படாரென்று சாத்தினால் நாலு அட்டை உதிரும். அந்த நாலு பேருக்கு அன்று எந்த வண்டி என்று ஒருவருக்கும் தெரியாது. நான்கு வருடங்களுக்கு முன் கிழமையக்கா எழுதிய புரோகிராம் வந்ததும் பலகையைக் கழற்றிப் பரணில் போட்டார்கள்.

ஓட்டுநர்கள் இரண்டு அணி. வருடத்தின் வாரங்களுக்கு ஒன்று, இரண்டு என்று வரிசையாக எண் உண்டு. ஒற்றைப்படை வாரம் என்றால் முதல் அணிக்குக் காலை, மற்ற அணிக்கு மதியம். இரட்டைப்படை என்றால் தலைகீழ். புரோகிராமில் அதற்கு ஒரே ஒரு வரி: வாரத்தின் எண்ணை இரண்டால் வகுத்து மிச்சத்தைப் பார்ப்பது. அந்த வரியை எழுதிய அன்று வீட்டுக்குப் போய், கேட்டாலும் கேட்காவிட்டாலும் கணவரை உட்கார வைத்து விளக்கினார்.

அந்த டிசம்பரில், ஜனவரி சார்ட்டை ஒட்டிய மறுநாள் காலை, முதல் அணியைச் சேர்ந்த நெட்டைத்தம்பி மாடியேறி வந்தார். கதவில் தலை இடிக்காமலிருக்கக் குனிந்து நுழைந்தார்.

"உட்காருங்க தம்பி. ஏன் முகம் ஒரு மாதிரியா இருக்கு?"

"அக்கா, என் வீட்டுக்காரி பாட்டில் ஃபேக்டரியில வேலை பாக்குறா. அங்கயும் ஒரு வாரம் காலை, ஒரு வாரம் மதியம். நான் போகும்போது அவ இருப்பா, அவ போகும்போது நான் இருப்பேன். பாப்பாவுக்கு எட்டு மாசம்தான் ஆகுது. இப்படியே ஓட்டிட்டு இருக்கோம்."

"சரி."

"புது சார்ட்டுப்படி ஜனவரியிலேர்ந்து ரெண்டு பேரும் ஒண்ணா வேலைக்குப் போறோம், ஒண்ணா வீட்ல இருக்கோம். ஒரு வாரம் ரெண்டு வாரம் இல்லக்கா, வருஷம் பூரா! அவதான் சொல்லாம கொள்ளாம ஷிப்ட் மாத்திக்கிட்டான்னு நினைச்சுச் சண்டை போட்டுட்டேன்."

"ஐயையோ. அவங்க என்ன சொன்னாங்க?"

"ரெண்டு சார்ட்டையும் பக்கத்துல பக்கத்துல வச்சு, 'உங்க டிப்போவுலதான் ரெண்டு வாரம் தொடர்ந்து காலைன்னு போட்டிருக்கு, கண்ணைத் தொறந்து பாருங்க'ன்னா."

கிழமையக்கா சார்ட்டை இழுத்துப் பார்த்தார். வருடத்தின் கடைசி வாரம் ஐம்பத்து மூன்று. அடுத்தது புது வருடத்தின் ஒன்று. இரண்டுமே ஒற்றைப்படை! பெரும்பாலான வருடங்கள் ஐம்பத்திரண்டு வாரத்தோடு அடங்கிவிடும். ஐந்தாறு வருடத்துக்கு ஒருமுறை இப்படி ஒன்று கூடுதலாக வந்து நிற்கும். அவர் புரோகிராம் அப்படி ஒரு வருடத்தை இதுவரை பார்த்ததில்லை.

"தப்பு என் மேலதான் தம்பி. வீட்டுக்குப் போய் மொதல்ல அவங்ககிட்ட மன்னிப்பு கேளுங்க."

"அது நேத்தே கேட்டாச்சுக்கா. இன்னைக்கு டிபன் பாக்ஸ் கைக்கு வந்துச்சு."

மேனேஜரிடம் விஷயத்தைச் சொன்னதும் அவர் சுலபமாக ஒரு வழி சொன்னார். "முதல் வாரத்தை மட்டும் கையால மாத்திடுங்களேன்."

"அப்ப ரெண்டாவது வாரம் இடிக்கும் சார். அதை மாத்தினா மூணாவது. வருஷம் முழுக்க இதையே மாத்திட்டு உட்கார்ந்திருக்கணும்."

அறைக்குத் திரும்பி, 'ஐம்பத்து மூன்று வந்தால் ஒன்றைக் கூட்டு' என்று ஒரு வரி சேர்த்தார். ஒட்டுப்போட்ட டியூப் மாதிரி இருந்தது. பிடிக்காமல் அழித்தார். ஜன்னலோரம் நின்று தண்ணீர் குடிக்கும்போதுதான் பிடிபட்டது. திங்கட்கிழமை ஏழு நாளுக்கு ஒருமுறை தன்பாட்டுக்கு வந்துகொண்டிருக்கிறது. வருடம் முடிந்ததா பிறந்ததா என்று அதற்கென்ன கவலை? வருடத்தின் வார எண்ணைக் கேட்டதுதான் பிழை. புரோகிராம் ஓடத் தொடங்கிய முதல் திங்கட்கிழமையை எடுத்துக்கொண்டார். அதிலிருந்து இன்றுவரை எத்தனை நாள் என்று எண்ணி, ஏழால் வகுத்து, மிச்சத்தை விட்டுவிட்டு, வந்த எண் ஒற்றையா இரட்டையா என்று பார்க்கச் சொன்னார். அவ்வளவுதான்.

பிறகு முப்பது வருடத்துக்குச் சார்ட் போட்டு, ஒரே அணிக்கு இரண்டு வாரம் தொடர்ந்து காலை வரும் இடங்களை மட்டும் காட்டச் சொன்னார். திரை வெறுமையாக இருந்தது. அதையும் நம்பாமல் பழைய வரியை அதேபோல ஓட்டினார். ஐந்து இடங்கள் வந்து விழுந்தன. அப்புறம்தான் மதியச் சாப்பாட்டைப் பிரித்தார்.

மாலையில் ஓட்டுநர்களின் ஓய்வறைக்குப் போய்ப் பழைய சார்ட்டைக் கிழித்துப் புதியதை ஒட்டிவிட்டு, நடந்ததை ஒளிக்காமல் சொன்னார்.

"அடடா, ரெண்டு வாரம் சாயங்காலம் ஃப்ரீன்னு சந்தோஷப்பட்டேனே!" என்று ஒருவர் அங்கலாய்த்தார்.

"யாராவது உங்களோட ஷிப்ட் மாத்திக்கிட்டா எழுதிக் கொடுங்க, போட்டுடறேன்," என்றார் கிழமையக்கா. சொன்னபடி இரண்டு பேருக்கு மாற்றியும் கொடுத்தார்.

ஜனவரி முதல் வாரத்தில் நெட்டைத்தம்பிக்கு மதிய ஷிப்ட். காலை வேலை முடித்து வந்த மனைவி, குழந்தையைத் தோளில் போட்டுக்கொண்டு அவருடனே டிப்போவுக்கு வந்து, நேராக மாடியேறினாள்.

"அக்கா, எங்க வீட்டுச் சண்டைக்கு நீங்கதான் காரணமாமே?"

"அந்த ஒரு சண்டைக்கு மட்டும்தாம்மா. மத்ததுக்கெல்லாம் நான் பொறுப்பு இல்ல," என்று சிரித்தபடி கிழமையக்கா குழந்தைக்குக் கையை நீட்டினார். அது கொஞ்சமும் யோசிக்காமல் தாவியது.