லஸ்மினியைக் கூப்பிடுகிறவன்

எங்கள் டங்டுட் பாட்டுக் கச்சேரிக் குழுவில் பொனிரனுக்குப் பாடவும் வராது, வாசிக்கவும் வராது. பாட்டுக்கு நடுவே இடைவெளி வரும்போது "ஹோக்யா" என்று மைக்கில் கத்துவதுதான் வேலை. சிரிக்காதீர்கள். அவன் கத்தாவிட்டால் ஜாவாவில் எங்கள் பிளித்தார் ஊர்ப் பக்கத்துக் கல்யாணங்களில் ஒருவரும் ஆட எழுந்திருக்க மாட்டார்கள். மத்தளம் அடிக்கிற நான் சொல்கிறேன்.

அவன் மனைவி லஸ்மினி தைவானில் ஒரு கிழவியைப் பார்த்துக்கொள்கிறாள். அந்த வீட்டில் போனை வாங்கி வைத்துக்கொள்வார்கள். ஞாயிறு மத்தியானம் மட்டும் கையில் கொடுப்பார்கள். அந்த நேரத்தில்தான் இவன் மேடையில் இருப்பான். மூன்று வருஷமாகப் புருஷனும் பெண்டாட்டியும் வாய்விட்டுப் பேசியதே அபூர்வம். கச்சேரி யூடியூபில் நேரலையாகப் போக ஆரம்பித்ததும் அவள் விடாமல் பார்த்தாள். அதிலும் என்ன சுகம்? கேமரா பாடகியின் இடுப்பை விட்டு நகராது. புருஷன் முகம் தெரியாது, குரல்தான் கேட்கும்.

ஒரு நாள் பொறுக்கமாட்டாமல், ஹோக்யாவுக்குப் பதிலாக, "லஸ்மினி, எப்ப வர்றே?" என்று கத்திவிட்டான்.

"உன் குடும்பக் கதைய ஊர் பூரா கேக்கணுமாடா?" என்று குழு முதலாளி பல்லைக் கடித்தார்.

ஆனால் தாளத்தில் அது கச்சிதமாக உட்கார்ந்துவிட்டது. மறுவாரத்துக்குள் அந்தத் துண்டை இருபது லட்சம் பேர் பார்த்துவிட்டார்கள். கிழக்கு ஜாவாவில் எந்தக் கல்யாணத்துக்குப் போனாலும் குஞ்சு குளுவானெல்லாம் அதையே கத்தியது. பல்லைக் கடித்த அதே முதலாளி, "இன்னொரு தரம் கத்துடா ராசா" என்று குழைந்தார்.

அவள் ஒப்பந்தம் முடிகிற மாதம். ஒரு ஞாயிறு கச்சேரி நடுவில் மழை கொட்டியது. மழையை நிறுத்தக் கூட்டிவந்த மந்திரக்காரரும் எங்களோடு மேடைக்கடியில் ஒண்டிக்கொண்டிருந்தார். பொனிரனின் போன் அடித்தது. மழைச் சத்தத்தில் ஸ்பீக்கரில் போட்டான்.

"என்னங்க, இன்னும் மூணு வருஷத்துக்குக் கையெழுத்துப் போட்டுட்டேன். கிழவி விடமாட்டேங்குது, அழுவுது. நம்ம வீட்டுக்கும் இன்னும் கூரை போடல."

பொனிரன் போன் மேல் தெறித்த தண்ணீரைச் சட்டையால் துடைத்தான்.

"கோவமா? இங்க பூங்காவுல நம்ம ஊர்ப் பொண்ணுங்க உங்க பாட்டப் போட்டுத்தான் ஆடுறாளுங்க. நீங்க என்னைக் கூப்பிடுற இடம் வந்தா எல்லாரும் சேந்து கத்துவாளுங்க."

"நீ?"

"நானும்தான். எல்லாரையும்விடச் சத்தமா."

மழை விட்டதும் கூட்டம் அந்தப் பாட்டைத்தான் கேட்டது. அந்த இடம் வந்தபோது அடித்துக்கொண்டே திரும்பிப் பார்த்தேன். பொனிரன் மைக்கை வாயருகே வைத்தபடி நின்றான், குரல் வரவில்லை. பந்தலில் இருந்தவர்கள்தான் கத்தினார்கள்.