1418-இல் யாரும் இல்லையாம்

ஒடெஸா அக்காவுக்கு எழுபத்தொன்பது வயது. முப்பது வருடம் பள்ளிப் பேருந்து ஓட்டியவர். அவர் கோபத்துக்கு மட்டும் பிரேக் கிடையாது.

நெடுஞ்சாலைக்காக எங்கள் ஹேஸல்டன் தெருவை இடித்து ஐம்பத்தெட்டு வருடம் ஆகிறது. அமெரிக்காவின் மில்வாக்கி நகரில் கறுப்பர்களுக்கு வேறெங்கும் வீடு தராத காலத்தில் எங்களுக்கென்று இருந்த தெரு. இப்போது கோடையில் ஒருநாள் பூங்காவில் கூடி, பழைய வீட்டு வரிசைப்படியே நாற்காலி போட்டு உட்காருகிறோம். அக்காவின் வீட்டு எண் 1418. பக்கத்து 1416 லூஷியஸ் டார்ப்லி. இருவரும் பேச்சை நிறுத்தி அறுபது வருடமாகிறது.

தெருவின் வரலாறு எழுதும் பேராசிரியர் ஐனெஸ், இந்த முறை ஒரு வரைபடம் கொண்டு வந்தார். வீட்டுக்கு வீடு பெயர்கள். 1418-இல் மட்டும் ‘காலி’.

“காலியா? அந்த ரெண்டு ரூம்ல ஒன்பது பேர் இருந்தோம்மா!”

“பழைய நகரப் பதிவுல அப்படித்தாங்க இருக்கு.”

நாலு பேருக்கு மேல் இருந்தால் வீட்டுக்காரர் துரத்திவிடுவார். அதனால் நோட்டும் பென்சிலுமாக எவன் கதவைத் தட்டினாலும் மூச்சுவிடாமல் கட்டிலடியில் கிடப்பது எங்கள் தெரு வழக்கம். கணக்கெடுக்க வந்தவன் தட்டிப் பார்த்துவிட்டுப் போய்விட்டான்.

“எங்கம்மா ஒளிஞ்சது வாஸ்தவந்தான். அதுக்காக அவ இல்லவே இல்லைன்னு எழுதிருவீங்களா?” அக்காவின் குரல் உடைந்தது. அம்மாவின் ஒரு போட்டோகூட அவரிடம் இல்லை. கூடப்பிறந்தவர்களும் போய்ச் சேர்ந்துவிட்டார்கள்.

“நான் நம்புறேன். ஆனா உங்க குடும்பத்துக்கு வெளியே ஒருத்தராவது சாட்சி சொல்லணுமே.”

அக்கா என்னைப் பார்த்தார். நானும் அதே தெருதான், ஆனால் அப்போது கைக்குழந்தை.

“இருந்துச்சு,” என்றார் லூஷியஸ், தட்டிலிருந்த பொரித்த மீனைப் பார்த்தபடியே.

“யாருங்க?”

“இவங்கம்மா. வில்லா மே. தோல் ஃபேக்டரில ராத்திரி ஷிஃப்ட் முடிச்சு வந்து படுத்தேன்னா, அந்தம்மா இஸ்திரி போட்டுக்கிட்டே பாடும். சுருதியே சேராது. சுவத்துல செருப்பால தட்டுவேன். உடனே இன்னும் சத்தமாப் பாடும்.”

“செருப்பால தட்டினது ஞாபகம் இருக்கா?” என்றார் அக்கா. அந்தச் சண்டைக்குப் பிறகு, அறுபது வருடத்தில் அவரிடம் பேசிய முதல் பேச்சு.

“இருக்கு. இப்ப ஒரு சத்தமும் இல்ல. ஆனா தூக்கம் வரமாட்டேங்குது, ஒடெஸா.”

அக்கா முகத்தைப் பொத்திக்கொண்டு அழுதார். பேராசிரியர் பென்சிலை எடுத்து ‘காலி’யை அடித்தார். அக்கா அவர் கையைப் பிடித்துக்கொண்டார்.

“பென்சில் வேணாம்மா. எங்கம்மா பேரைப் பேனாவுல எழுது.”