காலர் திருப்பிய சட்டை

என் நாத்தனார் சினிமாவில் உடை வடிவமைப்பாளர். வெளியே சொன்னால் பட்டும் ஜரிகையும்தான் என்று நினைத்துக்கொள்வார்கள். அவள் பிழைப்பே புதுத் துணியைப் பாழாக்குவது. டீத்தண்ணீரில் ஊறப்போடுவாள், உப்புத்தாளால் தேய்ப்பாள், சட்டைப் பையில் கல்லைப் போட்டுக் கொடியில் தொங்கவிடுவாள்.

படிப்பு முடிந்ததும் ஒரு ஸ்டுடியோவில் பட்டன் தைக்கச் சேர்ந்தாள். பிறகு கதாநாயகிகளுக்குத் துணி எடுத்தாள், மனசு ஒட்டவில்லை. ஒரு படத்தில் காவலாளி வேஷத்துக்கு அவள் கொடுத்த பேன்ட்டில் முட்டி துருத்திக்கொண்டிருந்த விதத்தைப் பார்த்து எல்லோரும் அசந்துபோனார்கள். அதிலிருந்து நொந்துபோனவன் வேஷம் என்றாலே அவளைத்தான் கூப்பிடுவார்கள். எங்கள் வீட்டில் எந்தத் துணியும் நிம்மதியாகப் பழசாக முடியாது. கண் வைத்துவிடுவாள்.

இவருடைய நீலச் சட்டை காணாமல் போனபோது எனக்கு அது தோன்றவில்லை, பாருங்கள்.

இவர் லிஃப்ட் மெக்கானிக். தங்கை வேலை செய்த படம் வந்ததும் கூட வேலை பார்க்கிறவர்களை எல்லாம் தியேட்டருக்கு இழுத்துக்கொண்டு போனார். திரையில் அவள் பெயர் வந்தபோது கை தட்டினார். கொஞ்ச நேரத்தில், மகளின் பள்ளிக்கூட வாசலில் உள்ளே போகக் கூசி நிற்கும் ஓர் அப்பா வந்தார். அவர் திரும்பியதும் காலர் திரை முழுக்கத் தெரிந்தது. நைந்த காலரைப் பிரித்து, திருப்பி, நான் தைத்த தையல். நீல நூல் தீர்ந்துபோய்ப் பாதியில் கறுப்பு நூல் போட்டிருந்தேன். அது கயிறு மாதிரி தெரிந்தது. எனக்கே மானம் போயிற்று.

பக்கத்தில் ஒருவர், "நம்மாளு சட்டை மாதிரியே இருக்குல்ல?" என்றார்.

அன்றிலிருந்து இவர் தங்கையோடு பேசவில்லை. அவள் எங்களோடுதான் இருக்கிறாள். புதுச் சட்டை ஒன்று வாங்கி வைத்தாள், இவர் உறையைக்கூடப் பிரிக்கவில்லை. எனக்கும் அவள்மேல் கோபம்தான். ஆனாலும் இரண்டு பேரும் தட்டையே பார்த்துச் சாப்பிடுவதைக் காண மனசு கேட்கவில்லை.

"பேசித் தொலைங்க" என்றேன்.

"என்னைப் பார்த்தா பரதேசி மாதிரியா இருக்கு?" என்று இவர் அவளைக் கேட்டார்.

"ஏழைன்னு காட்டணும்னா எந்தச் சட்டையையும் கிழிச்சிருப்பேண்ணா. தனக்குன்னு எதுவுமே வாங்கிக்காத மனுஷன் வேணும்னு டைரக்டர் கேட்டார். என்னைக் காலேஜ்ல சேர்க்க வந்தப்ப நீ அதைத்தான் போட்டிருந்தே. நான் படிச்சு முடிச்சதும் கூட்டிட்டுப் போக வந்தப்பவும் அதேதான். புதுத் துணியை எவ்வளவு தேய்ச்சாலும் எனக்கு அது வரலை."

"ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம்ல?"

"கேட்டா புதுசு வாங்கிக் கொடுத்திருப்பே."

எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அதுதான் உண்மை. இவர் கை கழுவப் போனார்.

மறுநாள் காலை, அவளுடைய தையல் மெஷின்மேல் இவருடைய பழுப்புச் சட்டை இருந்தது. "முழங்கை நல்லா நைஞ்சிருக்கு. உதவும்னா எடுத்துக்கச் சொல்லு" என்று என்னிடம் சொல்லிவிட்டு, புதுச் சட்டையைப் போட்டுக்கொண்டு வேலைக்குக் கிளம்பினார்.

பழுப்புச் சட்டையைத் துவைத்து, கஞ்சி போட்டு, விறைப்பாக இஸ்திரி போட்டிருந்தார். இனி அதைக் கசக்கிப் பழையபடி ஆக்க அவளுக்கு அரைநாள் வேலை. அவள் கசக்கவில்லை. மடிப்புக் கலையாமல் தன் பீரோவில் வைத்துப் பூட்டிக்கொண்டாள்.