வாடகை வீட்டுக் குசினி

எங்கள் கலியாண வாழ்க்கையில் நடந்த சண்டைகளில் முக்கால்வாசி ஒரு குசினிக்காகத்தான். ஜெர்மனியில் பெரும்பாலும் வாடகை வீட்டுக் குசினி என்றால் வெறும் சுவர். அடுப்பு, அலமாரி எல்லாம் குடியிருப்பவர்தான் வாங்கிச் சுவரோடு பூட்ட வேண்டும். நாங்கள் பூட்டவில்லை. ஒரு பழைய மேசை, அதன்மேல் இரண்டு தட்டு மின்னடுப்பு, யாரோ கழித்துத் தெருவில் வைத்த அலமாரி. அவ்வளவுதான்.

எனக்கு வயோதிபர் இல்லமொன்றின் சமையலறையில் வேலை. அங்கே பளபளக்கும் சில்வர் மேசைகளைத் துடைத்துவிட்டு வந்து, ஒரு காலுக்கு மட்டை செருகிய மேசையில் வெங்காயம் வெட்டினால் எரிச்சல் வராதா? தொழிற்சாலையில் ஷிஃப்ட் முடிந்து என் கணவர் வந்ததும் சண்டையைத் தொடங்குவேன்.

"நாங்கள் திரும்பிப் போற ஆக்களப்பா. இஞ்சத்தைச் சுவரிலை காசைக் கொண்டுபோய் ஏன் அடிப்பான்?" என்பார். "ஊரிலை என்ரை காணியிலை வீடு கட்டேக்கை உமக்குப் பெரிய குசினி."

"ஓம், அதுக்குள்ளை எனக்குப் பல்லெல்லாம் கொட்டிடும். கஞ்சி மட்டும் காய்ச்சிறன்."

இலவு காத்த கிளி என்று பகிடி பண்ணுவேன். அவரும் சிரிப்பார். அலமாரி மட்டும் வராது.

ஊரில் போர் முடிந்தது. அவர் வேலைக்குப் போனார், வந்தார், சாப்பிட்டார், படுத்தார். சண்டை பிடிக்க எனக்கும் மனம் வரவில்லை. பிறகொரு நாள் ஊரிலிருந்து அவருடைய தமக்கை தொலைபேசியில் கூப்பிட்டார். காணியைச் சுற்றி ஆமி வேலி அடைத்துவிட்டதாம். கிட்டப் போகவும் விடுகிறார்கள் இல்லையாம். "ஓமக்கா, ஓமக்கா" என்று கேட்டுவிட்டு வைத்தார்.

அடுத்த சனிக்கிழமை, "வெளிக்கிடும், குசினி பாத்துக்கொண்டு வருவம்" என்றார். நான் நம்பவில்லை.

கடைக்காரர் நல்ல மனிதர். ஒரு குசினியைக் காட்டி, இது விலை கொஞ்சம் கூட, ஆனால் வேறிடம் போகும்போது லேசாகக் கழற்றிக் கொண்டுபோகலாம் என்றார்.

"தேவையில்லை" என்று இவர் ஜெர்மனில் மெதுவாகச் சொன்னார். "நாங்கள் ஒரு இடமும் போகவில்லை."

இந்த வார்த்தைக்காகத்தான் இவ்வளவு காலமும் வாயடித்தேன். ஆனால் நான் கேட்டது ஒரு அலமாரி; அவரிடமிருந்து ஊரைப் பிடுங்கச் சொல்லி நான் கேட்கவில்லை.

"என்ன நிறம் வேணும்? நீரே சொல்லும்" என்றார்.

நான் கடைக்காரரிடம் திரும்பி, அந்தக் கழற்றிக் கொண்டுபோகும் குசினியின் விலையைக் கேட்டேன்.