வெள்ளைக்காரிக்குப் பாடிய குரல்

இதைச் சொல்ல இன்றைக்கும் எனக்கு வாய் கூசுகிறது.

ஜப்பான்காரன் காலம். லிங்கி பக்கத்து ரப்பர்த் தோட்டத்தில் எனக்கு ஏழு வயது. தாயில்லாத என்னை வளர்த்தவர்கள் சித்தப்பாவும் சித்தியுந்தான். சித்தப்பா வெள்ளைத்துரையின் பங்களாவில் சமையல்காரர். துரை ஓடிப்போனபோது விட்டுச்சென்ற படங்காட்டும் பெட்டியையும் ஒரு தகர டப்பாவையும் அவர் வீட்டில் ஒளித்துவைத்திருந்தார்.

டப்பாவுக்குள் லண்டனில் எடுத்த பழைய பாட்டுப்படம், மூன்று நிமிடந்தான். ஒரு வெள்ளைக்காரி விசிறியை ஆட்டிக்கொண்டு பாடுவாள். அந்தப் படத்துக்குக் குரல் கிடையாது. பாட்டைத் தனியாக இசைத்தட்டில் ஓட்டவேண்டும். தட்டோ உடைந்துபோயிருந்தது. அதனால் சித்தப்பா, பங்களாவில் கேட்டுக் கேட்டு மனப்பாடமாகியிருந்த பாட்டை எனக்குச் சொல்லிக்கொடுத்தார். பகலிலேயே சன்னலைச் சாக்கால் மூடி, பெட்டிக்குள் மண்ணெண்ணெய் விளக்கை ஏற்றி, கைப்பிடியைச் சுற்றுவார். வேட்டித் திரைக்குப் பின்னால் நின்று அவள் வாயசைப்புக்கு நான் பாடுவேன். அர்த்தம் யாருக்குத் தெரியும்! சித்தி சிரித்துச் சிரித்துக் கண்ணைத் துடைத்துக்கொள்வாள்.

"வெளிய மூச்சு விடக்கூடாது" என்பார் சித்தப்பா. வெள்ளைக்காரன் சாமான் வைத்திருந்தால் சயாமுக்கு ரயில் பாதை போட அனுப்பிவிடுவார்கள்.

ஒரு நாள் பெரட்டுக்களத்தில் வேலைக்கு ஆள் எண்ணும்போது, ஜப்பானிய அதிகாரி பிள்ளைகளைப் பாடச் சொன்னான். பாடினால் சீனி. சீனியைக் கண்ணால் பார்த்தே எத்தனையோ மாதம்! மற்றவர்கள் ஜப்பான் பாட்டுப் பாடினார்கள். எனக்கு அது பாதிதான் வரும். வெட்கங்கெட்ட நான் வெள்ளைக்காரியின் பாட்டை, கையை விசிறி மாதிரி ஆட்டி ஆட்டிப் பாடிவிட்டேன். அதிகாரி சிரித்தான். எங்கே கற்றாய் என்று கேட்டான்.

மொழிபெயர்த்த தோட்டத்துக் குமாஸ்தா கிராணி குனிந்து, "எங்கயோ கேட்டதுன்னு சொல்லு லா, பாப்பா" என்றார்.

எனக்கு ரோஷம் பொத்துக்கொண்டு வந்தது. இவ்வளவு நன்றாகப் பாடியது எங்கேயோ கேட்டதா?

"இல்ல, எங்க வீட்டுலயே படம் இருக்கு!" என்று ஓடிப்போய் டப்பாவை நானே தூக்கிவந்து நீட்டினேன்.

இரண்டு கையும் நிறையச் சீனி கிடைத்தது. சித்தப்பா தானாகவே வரிசையை விட்டு வெளியே வந்து, "சின்னப் புள்ள, அதுக்கு ஒன்னும் தெரியாது" என்றார். அங்கே நின்ற லாரியில் அவரை ஏற்றினார்கள். சயாமிலிருந்து அவர் திரும்பவே இல்லை.

அன்றைக்குச் சித்திக்கென்று ஒரு பிடி சீனி மிச்சம் வைத்திருந்தேன். நீட்டியபோது தட்டிவிட்டாள். சீனியெல்லாம் மண்ணில் கொட்டியதே என்று வீறிட்டு அழுதேன். சித்தப்பாவுக்காகத்தான் அழுகிறேன் என்று நினைத்து, சித்தி என்னை வாரி அணைத்துக்கொண்டாள். அவள் தோளுக்கு மேலாக நான் மண்ணையே பார்த்துக்கொண்டிருந்தேன்.