அக்காவின் பேருந்தில் அப்பா

அக்கா சுற்றுலா வழிகாட்டியாக வேலைக்குச் சேர்ந்த நாளிலிருந்து அப்பா அவளிடம் பேசுவதை நிறுத்திவிட்டார். சத்தம் போடவில்லை. கை ஓங்கவில்லை. அவளிடம் சொல்ல வேண்டியதையெல்லாம் அம்மாவிடம் சொன்னார், அவ்வளவுதான். அக்கா எதிரிலேயே நின்றுகொண்டிருந்தாலும், "அவள பசியாறச் சொல்லு" என்று அம்மாவைப் பார்த்துத்தான் சொல்வார். அம்மா அலுத்துக்கொண்டே திரும்பி, "பசியாறுவியாம்" என்பாள். இப்படியே ஏறக்குறைய ஒரு வருடம் ஓடியது.

தொண்ணூறுகளின் நடுப்பகுதி அது. மலாக்காவில் டுரியான் துங்கால் பக்கத்துத் தோட்டத்தை விட்டு நாங்கள் புக்கிட் பெருவாங்கில் ஒரு மலிவுவிலை வீட்டுக்குக் குடிவந்து சில வருடங்கள்தான் ஆகியிருந்தன. தோட்டத்தில் லாரி ஓட்டிய அப்பா, ஊருக்கு வந்ததும் ஒரு தொழிற்சாலை வாசலில் ஜாகாவாகக் காவல் வேலை பார்த்தார். எனக்கு மின்னணுத் தொழிற்சாலையில் ஷிப்டு வேலை. ஐந்தாம் படிவத்தோடு பள்ளியை முடித்த அக்கா ஏதாவது அலுவலகத்தில் கணக்கெழுதும் கிராணியாக உட்காருவாள் என்றே எல்லோரும் நினைத்தோம். அவளோ பட்டணத்தில் ஒரு சிறிய பயண நிறுவனத்தில் சேர்ந்தாள். வார இறுதிகளில் அவர்கள் பேருந்து காலையில் கிளம்பி, ஜொகூர் பாருவைப் பார்த்து, எல்லை தாண்டி சிங்கப்பூரின் பழைய வட்டாரங்களைச் சுற்றிக் காட்டி, அன்றைக்கே திரும்பிவிடும். அதில் ஒலிவாங்கியைப் பிடித்துப் பேசுவதுதான் அக்காவின் வேலை.

"பொம்பளப் புள்ள, யாரு எவருன்னு தெரியாத ஆளுங்களோட பஸ்ஸுல ஊர் சுத்துறது ஒரு வேலையாலா?" என்று அப்பா அன்று கேட்டார். அக்கா, "வேலதான்ப்பா" என்றாள். அதோடு பேச்சு நின்றது.

கூட்டம் குறைவான ஒரு பருவத்தில், வேலையாட்களின் வீட்டாரை இலவசமாக அழைத்து வரலாம் என்று நிறுவனத்தில் சொன்னார்கள். இரண்டு இருக்கைகள். அம்மாவுக்கு முட்டிவலி, அவ்வளவு நேரம் உட்கார முடியாது. நான் போகிறேன் என்று குதித்தேன். இன்னொரு இருக்கைக்கு யார் என்று கேட்டபோது, யாரும் எதிர்பாராமல், செய்தித்தாளுக்குப் பின்னாலிருந்து அப்பாவின் குரல் வந்தது.

"சின்னவ தனியா போகக்கூடாது. நான் தொணைக்குப் போறேன்."

அக்கா கூடவே வரும் பயணத்தில் நான் எப்படித் தனியாகப் போவதாகும் என்று யாரும் கேட்கவில்லை. அம்மா எனக்குக் கண்ணால் சைகை காட்டினாள். பேசாமல் இரு என்று அதற்கு அர்த்தம்.

கிளம்பும் நாளில் அப்பா கோவிலுக்குப் போடும் வெள்ளைச் சட்டையைப் போட்டுக்கொண்டார். பேருந்தில் ஏறியதும் கடைசி வரிசைக்குப் போய் ஜன்னலோரம் உட்கார்ந்தார். எங்களுக்கு முன் வரிசையில் மலாக்கா பட்டணத்தில் துணிக்கடை வைத்திருந்த ஒரு தமிழ் முஸ்லிம் தம்பதி. மாமா கடகடவென்று பேசுகிறவர். மாமி அவர் பேச்சை முடித்து வைக்கிறவர். மற்றபடி பெரும்பாலும் சீனக் குடும்பங்கள், ஒரு மலாய் ஆசிரியர் குடும்பம், நடு வரிசையில் தங்க நிறக் கடிகாரம் கட்டிய ஒரு மனிதர்.

ஆயர் குரோ சுங்கச் சாவடியைத் தாண்டியதும் அக்கா எழுந்து நின்றாள். நீல மேல்சட்டை, கழுத்தில் அடையாள அட்டை, இறுக்கிக் கட்டிய கொண்டை. முதலில் மலாயில் வணக்கம் சொன்னாள், பிறகு ஆங்கிலத்தில், பிறகு தமிழில். கடைசியாக முன்வரிசையில் இருந்த சீனப் பாட்டிமாரைப் பார்த்து ஹொக்கியனில் ஏதோ சொன்னாள். அவர்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். தோட்டத்துச் சீனர் கடையில் பள்ளி விட்டதும் சாமான் எடுத்துக் கொடுத்து அவள் கற்றுக்கொண்ட பாஷை அது. வீட்டில் யார் முன்னாலும் பேசியதில்லை.

அப்பா ஜன்னல் வழியாகச் செம்பனை மரங்களைப் பார்த்துக்கொண்டிருந்தார். காது மட்டும் முன்னால் இருந்தது என்பது எனக்குத் தெரியும். ஏனென்றால் நான் ஏதோ கேட்கப் போனபோது, "ஷ்" என்றார்.

ஜொகூர் பாருவில் அரண்மனைப் பக்கமும் கடற்கரை ஓரமும் இறங்கிப் பார்த்துவிட்டுப் பாலத்தைக் கடந்தோம். சிங்கப்பூர்க் குடிநுழைவில் எல்லோரும் இறங்கி வரிசையில் நின்றோம். நான் ஒரு முகப்பில், அப்பா பக்கத்து முகப்பில். அவருடைய கடப்பிதழ் புத்தம் புதியது. அதிகாரி ஓர் இளம் மலாய்க்காரர். அப்பாவை நிமிர்ந்து பார்த்து, சிங்கப்பூருக்கு எதற்கு வந்திருக்கிறீர்கள், யாருடன் என்று மலாயில் கேட்டார்.   அப்பா, வரிசையின் முன்னால் பயணிகளைச் சரிபார்த்துக்கொண்டிருந்த அக்காவை நோக்கிக் கையை நீட்டினார்.

"அனாக் சாயா. டியா கைட். சாயா இகுட் டியா."

என் மகள். அவள் கைடு. நான் அவளோடு வந்திருக்கிறேன். அந்த வேலையின் பெயரை அவர் வாயிலிருந்து நான் கேட்டது அதுதான் முதல் தடவை. அதிகாரி புன்னகையோடு முத்திரை குத்தினார். அப்பா என்னைத் திரும்பிப் பார்க்காமல் நடந்துவிட்டார்.

சிங்கப்பூரில் அந்த ஊர் வழிகாட்டி ஒருவர் ஏறிக்கொள்வது வழக்கம். அன்று ஏறியவர் நடுத்தர வயதுச் சீனர். தொண்டை கட்டி, குரலே வரவில்லை. இரண்டு வாக்கியம் பேசுவதற்குள் இருமல் வந்துவிட்டது. அக்காவிடம் ஏதோ சொல்லி ஒலிவாங்கியைக் கொடுத்துவிட்டு முன் இருக்கையில் சாய்ந்துகொண்டார். இத்தனை நாளும் அக்காவுக்கு அந்த ஊர் வழிகாட்டிகள் சொல்வதை மொழிபெயர்த்துத்தான் பழக்கம். அன்று முதல் முறையாக அவளே சொல்ல வேண்டியதாயிற்று.

அவள் தயங்கினாள். பின்னாலிருந்து பார்த்த எனக்கு அது நன்றாகத் தெரிந்தது. ஒலிவாங்கியை ஒரு கையிலிருந்து மறு கைக்கு மாற்றினாள். பிறகு ஆரம்பித்தாள்.

ஆற்றங்கரையில் இறக்கி, படகுகள் அரிசி மூட்டை ஏற்றி வந்த காலத்தைச் சொன்னாள். தூரத்தில் தெரிந்த வெள்ளைக்காரன் காலத்துக் கட்டடங்களைக் காட்டி மலாயிலும் ஆங்கிலத்திலும் விளக்கிவிட்டு, எங்கள் பக்கம் வந்து தமிழில் சொன்னாள்.

"இந்த ஊர்ல அந்தக் காலத்துல போட்ட ரோடு, கட்டுன சர்ச்சு, கவர்னர் மாளிகை, இதுல நெறைய இந்தியாவுலேருந்து கைதியா கப்பல்ல கொண்டாந்த ஆளுங்க கை பட்டதுதான். கொஞ்ச பேர நம்ம மலாக்காவுலயும் வச்சிருந்தாங்க. செங்கல் சுட்டதும் அவங்கதான், சுவரு எழுப்புனதும் அவங்கதான். தண்டன முடிஞ்சு பல பேரு ஊருக்குத் திரும்பல. இங்கேயே மாடு வச்சு, வண்டி ஓட்டி, குடும்பம் ஆயிட்டாங்க."

துணிக்கடை மாமா, "அப்படியா, நமக்கு இதெல்லாம் யாரும் சொல்லலையே" என்றார்.

"இஸ்கூல்ல சொல்லல மாமா. நான் லைப்ரரில படிச்சேன்" என்றாள் அக்கா.

அப்பா அந்தக் கட்டடங்களைப் பார்த்துக்கொண்டே நின்றார். எல்லோரும் நகர்ந்த பிறகும் நின்றார். "எப்ப படிச்சா இதெல்லாம்?" என்று என்னைக் கேட்டார். இரவு ஷிப்டு முடிந்து அவர் பகலில் தூங்கும்போது அவள் படிப்பாள் என்று சொன்னேன். "ம்" என்றார்.

சவுத் பிரிட்ஜ் ரோட்டில் அம்மன் கோவிலைப் பார்த்துவிட்டுச் சீனர்களின் பழைய கடைத்தெருவைச் சுற்ற நேரம் கொடுத்தாள். எல்லோரும் பேருந்துக்குத் திரும்பியபோது ஒரு சீனப் பாட்டியைக் காணோம். மருமகளோடு வந்தவர். மருமகள் அழுகிற நிலையில் இருந்தார். ஒரு கடையில் தேயிலைப் பொட்டலம் பார்த்துக்கொண்டிருந்தாராம், திரும்பினால் மாமியார் இல்லை.

அடுத்து ஆர்ச்சர்ட் ரோட்டில் கடைகளுக்குப் போவதாக இருந்தது. கடிகாரக்காரர் எழுந்துவிட்டார். "ஒரு கிழவிக்காக நாங்க எல்லாரும் காத்துக் கெடக்கணுமா? நாங்களும் காசு கொடுத்துத்தான் வந்தோம். என்ன கைடு நீ? ஆளுங்கள எண்ணி வைக்கத் தெரியாதா?" என்று மலாயில் கத்தினார்.

அப்பா எழுந்தார். முன் இருக்கையின் கம்பியைப் பிடித்திருந்த அவர் கை இறுகியது. தோட்டத்தில் ஒரு முறை வேலையை மேற்பார்க்கும் தண்டலிடம் அவர் இப்படி எழுந்ததை நான் பார்த்திருக்கிறேன். அன்று பெரிய ரகளையானது. நான் அவர் சட்டையைப் பிடிக்கப் போனேன். ஆனால் அதற்குள் அக்காவும் மலாயிலேயே பேசத் தொடங்கிவிட்டாள். குரல் உயரவில்லை.

"ஐயா கோபம் நியாயம்தான். கடைக்குப் போற நேரம் குறையும், அதுக்கு நான் மன்னிப்புக் கேட்டுக்கறேன். ஆனா எல்லாரையும் கூட்டிக்கிட்டு வந்தேன், எல்லாரையும் கூட்டிக்கிட்டுத்தான் போவேன். உங்க அம்மா காணாமப் போயிருந்தாலும் இதையேதான் செய்வேன்."

அந்த மனிதர் உட்கார்ந்தார். அப்பாவும் உட்கார்ந்தார். எனக்கு இரண்டாவதுதான் அதிசயமாக இருந்தது.

அக்கா ஓட்டுநரிடம் பேருந்தை எங்கே நிறுத்தலாம் என்று பேசி முடித்து, உள்ளூர் வழிகாட்டியை எங்களோடு விட்டுவிட்டு இறங்கிப் போனாள். கூட்டத்தில் அவளுடைய நீலச் சட்டை கொஞ்ச தூரம் தெரிந்தது, பிறகு மறைந்தது. அப்பா ஜன்னலோடு முகத்தை ஒட்டிக்கொண்டு, "இவ்ளோ கூட்டத்துல எங்கன்னு தேடுவா" என்றார். கொஞ்ச நேரம் கழித்து மறுபடியும் அதையே சொன்னார். இறங்கிப் போகலாமா என்று நான் கேட்டேன். "வேணாம். நாமளும் தொலைஞ்சா அவ நம்மளையும் தேடணும்" என்றார்.

நேரம் போனது. துணிக்கடை மாமி மருமகளின் பக்கத்தில் போய் உட்கார்ந்து முதுகைத் தடவிக் கொடுத்தார். அப்போதுதான் அக்கா வருவது தெரிந்தது. அவள் கையைப் பிடித்துக்கொண்டு பாட்டி நிதானமாக நடந்து வந்தார். முகத்தில் பயமே இல்லை. பழச்சாறு குடித்த உற்சாகம்தான் இருந்தது.

காலையில் ஜொகூர் பாருவில் இறங்கி நடந்தபோது அந்தப் பாட்டி அக்காவிடம் தன் கதையைச் சொல்லியிருந்தார். சிறுமியாக இருந்தபோது இந்தக் கடைத்தெருவில் ஒரு வீட்டில் பிள்ளை தூக்கும் வேலை செய்தாராம்; எதிரில் சவப்பெட்டிக் கடை இருந்ததாம். அக்கா அதை வைத்துக்கொண்டு கடை கடையாக ஏறி, முன்பு சவப்பெட்டிக் கடை எந்தச் சந்தில் இருந்தது என்று ஹொக்கியனில் விசாரித்திருக்கிறாள். வயதான ஒருவர் வழி காட்டினார். அங்கே போனால், ஐந்தடி நடைபாதையில் யாரோ போட்ட முக்காலியில் பாட்டி உட்கார்ந்து, பழச்சாறு குடித்துக்கொண்டே அந்த வீட்டில் இப்போது இருக்கிற பெண்ணோடு பேசிக்கொண்டிருந்தார். வேலை செய்த வீட்டை ஒரு தடவை பார்க்க வேண்டும், மருமகளிடம் சொன்னால் விடமாட்டாள் என்று கிளம்பிவிட்டாராம்.

இதை அக்கா ஒலிவாங்கியில் எல்லா மொழியிலும் சொன்னாள். பேருந்தே கைதட்டியது. கடிகாரக்காரர் தட்டவில்லை, ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். குரல் போன உள்ளூர் வழிகாட்டி எழுந்து, கரகரத்த தொண்டையோடு, "நான் இத்தனை வருஷத்துல ஆள தொலைச்சிருக்கேன், இவ்ளோ சீக்கிரம் கண்டுபிடிச்சதில்ல" என்று மலாயில் சொல்ல, மறுபடியும் சிரிப்பு.

துணிக்கடை மாமா எங்கள் பக்கம் திரும்பி, "யாரு பெத்த புள்ளயோ அண்ணே, என்னா தைரியம், என்னா பேச்சு!" என்றார்.

"நான் பெத்த புள்ள" என்றார் அப்பா.

மாமி முழுசாகத் திரும்பிவிட்டார். "என்னண்ணே இது! காலையிலேருந்து வர்றோம், வாயத் தொறக்கவே இல்லையே!"

"அவ வேல செய்யுற எடம். அதுல நாம எதுக்கு நடுவுல" என்றார் அப்பா. சொல்லிவிட்டு உதட்டைக் கடித்துக்கொண்டார். சிரிப்பை அடக்குகிறாரா, வேறு எதையாவது அடக்குகிறாரா என்று எனக்குத் தெரியவில்லை.

மாமா விடவில்லை. கைடோட அப்பா கடைசியில் உட்காரலாமா என்று கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போய் முன்னால் உட்கார வைத்தார். பேருந்து கிளம்பியது. அக்கா ஒலிவாங்கியோடு நின்றுகொண்டு, ஆர்ச்சர்ட் ரோட்டுக் கடைகளுக்கு மிச்சமிருக்கிற நேரத்தைச் சொல்லிக்கொண்டிருந்தாள். வெயிலில் அலைந்து முகம் சிவந்திருந்தது. அப்பா அவளையே பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, அம்மா பக்கத்தில் இல்லாததாலோ என்னவோ, நேராகவே கேட்டார்.

"தண்ணி குடிச்சியாம்மா?"

அக்கா அதிர்ந்து திரும்பினாள். கையில் இருந்த ஒலிவாங்கியை அணைக்க மறந்துவிட்டாள்.

"இல்லப்பா. இனிமேத்தான்ப்பா."

ஒரு வருடத்துக்குப் பிறகு அவர்கள் பேசிய முதல் பேச்சு பேருந்து முழுக்க எதிரொலித்தது. தமிழ் தெரியாத சீனப் பாட்டிகூடத் தலையை நீட்டி அப்பாவையும் அக்காவையும் மாறி மாறிப் பார்த்து, மருமகளின் விலாவில் இடித்தார். அப்பா தன் பையிலிருந்த தண்ணீர்ப் போத்தலைத் திறந்து நீட்டினார். அக்கா எங்களுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு குடித்தாள். ரொம்ப நேரம் குடித்தாள்.

திரும்பும் வழியெல்லாம் அப்பா ஓட்டுநரோடு இயந்திரத்தைப் பற்றியும் மலைப்பாதையில் லாரி ஓட்டிய கதையைப் பற்றியும் பேசிக்கொண்டு வந்தார். வீட்டுக்கு வந்ததும் அம்மாவை உட்கார வைத்து எல்லாவற்றையும் சொன்னார். அடுத்த சில மாதங்களில் அந்தக் கதை வளர்ந்தது. தொழிற்சாலை ஜாகா கொட்டகையில் சொன்னபோது காணாமல் போன பாட்டிகள் இரண்டு பேர் ஆனார்கள். கடலோரத்து உம்பாயில் மீன் சாப்பிடப் போன இடத்தில் பக்கத்து மேசைக்காரரிடம் சொன்னபோது சிங்கப்பூர்ப் போலீஸும் கதைக்குள் வந்துவிட்டது. தான் அந்த வேலையை எதிர்த்தது மட்டும் எந்தக் கதையிலும் வந்ததில்லை. நாங்களும் ஞாபகப்படுத்தவில்லை.

அதோடு நிற்கவில்லை. எங்கள் வரிசை வீடுகளிலும் பழைய தோட்டத்து ஆட்களிடமும் வீடு வீடாகப் போய்ப் பேசி ஒரு முழுப் பேருந்தையே அவர் நிரப்பினார். பாதிப் பேர் வாழ்க்கையில் எல்லை தாண்டாதவர்கள். கிளம்பும் நாளன்று தேய்த்த சட்டையோடு பேருந்து வாசலில் நின்று, ஒவ்வொருவரையும் பேர் சொல்லிக் கூப்பிட்டு ஏற்றிவிட்டு, "கைடு சொல்றத நல்லா கேளுங்கலா, சத்தம் போடாதீங்க, கூட்டத்த விட்டுப் போகாதீங்க" என்று சத்தம் போட்டுக்கொண்டிருந்தார்.

அக்கா படியில் நின்று அவர் தோளைத் தட்டினாள்.

"அப்பா, ஏறி உக்காருங்க. நேரமாச்சு."

"சரிம்மா" என்று சொல்லிவிட்டு அப்பா மற்றவர்களைப் போலவே ஏறித் தன் இடத்தில் உட்கார்ந்தார்.