காயம்பட்டவள் நடந்து வரவும்

போர் வந்தால் ஏரியோர ஊர்களைக் காப்பாற்றுவதற்காகப் பொன்னேரியில் தொண்டர்களுக்குப் பயிற்சி கொடுத்தார்களாம். அதன் ஒத்திகை எங்கள் பசியாவரத்தில் நடந்தது. குண்டு விழுந்து கால் முறிந்தவளாக நடிக்க, ஏரியில் இறால் பிடிக்கப் போய்க்கொண்டிருந்த என்னைப் பிடித்தார்கள்.

காலில் கட்டுப் போட்டு, நெற்றியில் சிவப்புச் சாயம் பூசிக் கரையில் படுக்க வைத்தார்கள். ஆரஞ்சுச் சட்டையும் புத்தம்புது ஷூவுமாக நாலு பேர் ஓடி வந்து, ஸ்ட்ரெச்சரில் தூக்கினார்கள். போட்டோ எடுத்தார்கள். எனக்கும் கொஞ்சம் பெருமையாகத்தான் இருந்தது.

தண்ணீர் வற்றியிருந்ததால், என்னை ஏற்றிப்போக வேண்டிய படகு கரைக்கு வர முடியாமல் தள்ளி நின்றது. நடுவில் முழங்கால் ஆழத்துக்குச் சேறு. போர்க்காலத்தில் ஏரியில் சேறு இருக்காது என்று சொல்லிக்கொடுத்திருப்பார்கள் போல. நால்வரும் சேற்றைப் பார்த்தார்கள், தங்கள் ஷூவைப் பார்த்தார்கள், என்னைக் கீழே இறக்கிவிட்டார்கள்.

"அக்கா, நீங்களே நடந்துபோய் படகுல படுத்துக்கோங்க. இங்கிருந்தே போட்டோ எடுத்துடுறோம்" என்றான் அவர்களின் தலைவன்.

"கால் உடைஞ்சிருக்குனு நீதானே நைனா கட்டுப் போட்டே?"

"சும்மா நடிப்புதானேக்கா. அப்படியே அந்த ஸ்ட்ரெச்சரையும் எடுத்துட்டுப் போயிடுங்க."

கட்டுப் போட்ட காலோடு, ஸ்ட்ரெச்சரைத் தலையில் சுமந்து சேற்றில் இறங்கினேன். படகை ஓட்டி வந்திருந்த என் வீட்டுக்காரர் சிரிப்பை அடக்க முடியாமல், "இன்னாமே, உன்னக் காப்பாத்திட்டாங்களா?" என்றார்.

கரையில் நின்ற நால்வரும் கைதட்டினார்கள். ஒத்திகை வெற்றி என்று மைக்கில் சொன்னார்கள்.

இப்போதெல்லாம் யாராவது எங்களைக் காப்பாற்ற வந்திருப்பதாகச் சொன்னால், காலில் என்ன போட்டிருக்கிறார் என்றுதான் முதலில் பார்க்கிறேன்.